அலுமாரிக்குள் ஒரு தவணை அட்டை

[காட்சி: திருகோணமலை உப்புவெளியில் ஒரு வீடு. சுவரில் பெரிய டிவி.]

உதாரணத்துக்கு ஒரு வீடு. அவர் ஹோட்டலில் வேலை செய்கிறார், அவ டீச்சர். தவணைக்கு எடுத்த டிவி வந்த அன்று பக்கத்து வீட்டுப் பிள்ளைகள்கூட வந்து நின்று பார்த்தார்கள். மூன்று மாதம் போனதும் அது சுவரோடு சுவராகிவிட்டது. தவணை மட்டும் மாதம் தவறாமல் வருகிறது.

மனம் எதற்கும் பழகிவிடும். 1978ல் அமெரிக்காவில் உளவியலாளர் பிலிப் பிரிக்மனும் அவரோடு சேர்ந்தவர்களும் லாட்டரியில் பெரிய தொகை வென்ற 22 பேரை விசாரித்தார்கள். மற்றவர்களைவிட அவர்கள் பெரிதாக ஒன்றும் சந்தோஷமாக இல்லை. காலைச் சாப்பாடு, நண்பரோடு ஒரு பேச்சு, இப்படியான சின்னச் சுகங்கள்கூட அவர்களுக்குக் குறைவாகத்தான் இனித்தன.

[காட்சி: இரவு. மூடி வைத்த சாப்பாட்டுக் கோப்பை.]

சரி, கணவன் மனைவிக்குள் என்ன நடக்கிறது? ஒருவர் செலவாளி, மற்றவர் சிக்கனம் என்றால்தான் சண்டை வரும் என்று நினைக்கிறோம். 2011ல் அமெரிக்க ஆய்வாளர் ஜேசன் கரோலின் குழு 1,734 தம்பதிகளை ஆராய்ந்தபோது, இருவருமே பணத்தையும் பொருளையும் பெரிதாக நினைத்த வீடுகள்தான் அதிகம் தடுமாறின. அவர்கள் கையில் காசு அதிகமாகவே இருந்தது. அப்படியும் பேச்சு குறைந்து, சச்சரவு கூடியிருந்தது.

நம் ஊரில் இதை சுற்றுலா சீசன் நேரத்தில் பார்க்கலாம். தவணைக்காக அவர் டபுள் ஷிப்ட் போகிறார். வரும்போது பதினொரு மணி. அவ தூங்கிவிட்டா. முன்பெல்லாம் பின்னேரத்தில் இருவரும் டச்சு பே கடற்கரைப் பக்கம் நடப்பார்கள், கோட்டை மான்கள் ரோட்டுக்கே வந்து நிற்கும், பிள்ளைக்கு அதுதான் திருவிழா. இப்போது அந்த நடை இல்லை.

[காட்சி: அலுமாரி. சேலைகளுக்கு அடியில் ஒரு அட்டை.]

அவவும் தவணைக்கு ஒரு ஃபிரிட்ஜ் எடுத்திருக்கிறா, அவருக்குத் தெரியாமல். காப்பு இரண்டும் அடகில். 2022ல் டொலர் 200 ரூபாயிலிருந்து 360 வரை ஏறி, அரிசியும் பால்மாவும் விலை கூடியபோது இப்படி எத்தனை அட்டைகள் வெளியே வந்தன! எனக்கு அந்த ஃபிரிட்ஜ் மேல் கோபமே இல்லை. ஒரே கூரையின் கீழ் ஒருவருக்கொருவர் பயந்து ஒளிப்பதுதான் நெஞ்சை அறுக்கிறது.

வீட்டில் ஒரு கொப்பி வையுங்கள். ஞாயிறு பின்னேரம், போனைத் தள்ளி வைத்துவிட்டு, எல்லாத் தவணையையும் இருவருமாக எழுதுங்கள். முதல் தடவை குரல் உயரும், பரவாயில்லை.

[காட்சி: கொப்பி. இரண்டு கைகள்.]

"என்னப்பா, இதையும் எழுதுங்கோ" என்று அவ அலுமாரியைத் திறக்கிறா.