ஸ்கோலிமோவ்ஸ்கி படங்களை எதுல இருந்து ஆரம்பிக்கிறது?

அடுத்த கேள்வி. "போலந்து டைரக்டர் யெர்ஸி ஸ்கோலிமோவ்ஸ்கியைப் பத்தித் தேடினா கவிஞர், பாக்ஸர், நடிகர், ஓவியர்னு என்னென்னமோ வருது. எதுலயும் நிலைச்சு நிக்காதவரா? அவர் படத்துல எதை முதல்ல பாக்கலாம்?"னு கேட்டிருக்கீங்க.

நிலைச்சு நிக்காதவர்னு சொல்ல எனக்கு மனசு வராதுங்க. அவரு அடிப்படையில எழுத்தாளர். கையில என்ன கிடைக்குதோ அதை வெச்சுக் கதையைக் கட்டிருவாரு. போலந்துல இருக்கிற வூட்ஜ் ஃபிலிம் ஸ்கூல்ல படிக்கும்போதே பாருங்க. பயிற்சிக்குன்னு மாணவர்களுக்குக் கொஞ்சம் கொஞ்சமா ஃபிலிம் ரோல் குடுப்பாங்க. இவரு ஒவ்வொரு பயிற்சியையும் முன்னாடியே யோசிச்சு எடுத்து, எல்லாத்தையும் ஒண்ணா சேத்து ஒரு முழுநீளப் படமாவே ஆக்கிட்டாரு. அதுதான் 1964ல வந்த 'ரிசோபிஸ்'. ஹீரோவும் அவரே. அடுத்த வருஷம் 'வாக்ஓவர்'. அதுல பாக்ஸரா நடிச்சாரு, தான் பாக்ஸிங் பண்ணது அங்க உதவிச்சு. இதுக்கெல்லாம் முன்னாடியே, இன்னொரு போலந்து டைரக்டரான போலன்ஸ்கியோட 'நைஃப் இன் த வாட்டர்' திரைக்கதையில இவரு பங்கு இருக்கு.

1967ல 'ஹேண்ட்ஸ் அப்' எடுத்தாரு. அதுல மாணவர்கள் ஒரு பெரிய ஸ்டாலின் படத்தை ஒட்டுறாங்க, ஒட்டி முடிச்சா ஸ்டாலினுக்கு நாலு கண்ணு! அரசாங்கம் விடுமா? தடை பண்ணிட்டாங்க. படம் வெளிய வந்தது 1981லதான். அந்தத் தடைக்கு அப்புறம் அவரோட வேலையெல்லாம் பெரும்பாலும் வெளிநாட்டுலதான்.

நீங்க முதல்ல பாக்க வேண்டியது 'மூன்லைட்டிங்'. 1981 டிசம்பர்ல போலந்துல ராணுவச் சட்டம் வருது. அப்ப இவரு லண்டன்ல இருக்காரு. உடனே எழுதி, தன் சொந்த வீட்டுலயே ஷூட்டிங் வெச்சு, அடுத்த மே மாசம் பிரான்ஸ்ல நடக்கிற கான் திரைப்பட விழாவுல படத்தைக் காட்டி, திரைக்கதைக்கான விருதையும் வாங்கிட்டாரு. லண்டன்ல ஒரு வீட்டைப் புதுப்பிக்க வந்த நாலு போலந்துக்காரங்களோட கதை. நடிகர் ஜெரமி ஐயன்ஸ்தான் மேஸ்திரி. இங்கிலீஷ் தெரிஞ்சது அவர் ஒருத்தருக்குத்தான். ஊர்ல நடந்தது தெரிஞ்சா வேலை நின்னுரும்னு மத்த மூணு பேர்கிட்டயும் மறைக்கிறாரு. காசு தீந்துபோய் சூப்பர் மார்க்கெட்ல திருடுறாரு. அந்தத் திருட்டுக் காட்சிகள்ல நமக்கே கை வேர்த்துரும். நாட்டுல இருக்கிற அடக்குமுறையை அப்படியே அந்த ஒரு வீட்டுக்குள்ள கொண்டுவந்திருப்பாரு. அவரோட படங்கள்ல எனக்கு ரொம்பப் பிடிச்சது இதுதான்.

1991க்கு அப்புறம் 17 வருஷம் படமே இயக்கலை, ஓவியம் வரைஞ்சுக்கிட்டு இருந்தாரு. நடுவுல நடிப்பு. 2008ல மறுபடி இயக்க ஆரம்பிச்ச பிறகும் நடிச்சாரு. 2012ல வந்த 'அவெஞ்சர்ஸ்' முதல் பாகத்துல பிளாக் விடோவை நாற்காலியில கட்டிப்போட்டு விசாரிக்கிற ரஷ்யர் இருக்காரே, அவரேதான்!

அப்புறம் எடுத்தாரு பாருங்க, 84 வயசுல, 2022ல 'ஈஓ'. ஒரு கழுதைதான் கதாநாயகன். கான்ல ஜூரி பரிசு. படத்துல நடிச்ச ஆறு கழுதைக்கும் விருது மேடையில பேர் சொல்லி நன்றி சொன்னாரு. 'மூன்லைட்டிங்' பாத்துட்டு அடுத்தது இதைப் பாருங்க. வசனம் ரொம்பக் கம்மி, சத்தத்துலயே பாதிக் கதை இருக்கு. அதனால ஹெட்போன் போட்டுக்கோங்க.