தம்பியால் விழுந்த தாதா: 1928-ன் ‘தி ராக்கெட்’

[திரையில்: கறுப்பு வெள்ளையில் ஓர் இறுதிச் சடங்கு]

இந்தக் காட்சியை நிதானமாகப் பாருங்கள். செத்தவன் ஒரு தாதா. அவன் ஆட்களும் வந்திருக்கிறார்கள், கொன்றவனின் ஆட்களும் வந்திருக்கிறார்கள். மடியில் தொப்பி, தொப்பிக்கு அடியில் துப்பாக்கி. வசனமே தேவைப்படவில்லை.

படம் ‘தி ராக்கெட்’. வானத்தில் பறக்கிற ராக்கெட் இல்லை. கும்பல் சேர்ந்து நடத்தும் சட்டவிரோதத் தொழிலை அமெரிக்கர்கள் அப்படித்தான் சொல்வார்கள். தயாரிப்பு ஹோவர்ட் ஹியூஸ், இயக்கம் லூயிஸ் மைல்ஸ்டோன்.

[திரையில்: ஸ்கார்சியாக லூயிஸ் வுல்ஹைம்]

மதுவிலக்குக் காலம். நிக் ஸ்கார்சி சாராயக் கடத்தல்காரன். அவனைப் பிடித்தே தீருவேன் என்று நிற்கிறார் போலீஸ் கேப்டன் மெக்விக். பிடித்து என்ன பயன்? தேர்தலுக்கு ஸ்கார்சி தேவைப்படுகிறான், அதனால் கட்சி அவனைக் காப்பாற்றுகிறது. கட்சியை ஆட்டிவைப்பவருக்குப் படத்தில் ‘பெரியவர்’ என்றுதான் பெயர். கேப்டன் மசியவில்லையா? தண்ணியில்லாக் காட்டுக்கு டிரான்ஸ்ஃபர். இந்த இடம் நமக்கு யாரும் விளக்கிச் சொல்லாமலே புரியும்.

சரி, இவ்வளவு பலமான ஆள் எங்கே சறுக்குகிறான்? வீட்டில்தான். தம்பி ஜோ என்றால் அவனுக்கு உயிர். தம்பியின் பிறந்தநாள் விருந்திலேயே எதிரியைச் சுட்டுத் தள்ளியவன் அவன்; முதலில் பார்த்த இறுதிச் சடங்கு அந்த எதிரிக்குத்தான். அப்புறம் அந்தத் தம்பி காரில் ஒருவரை மோதிவிட்டு ஓடி, மெக்விக்கின் ஸ்டேஷனிலேயே மாட்டுகிறான். அண்ணனுக்கு நிதானம் போகிறது. அந்த விவகாரத்தில் ஒரு போலீஸ்காரரையே கொல்கிறான்.

தேர்தல் நேரத்தில் இது கட்சிக்குத் தலைவலி. கைவிட்டால் எல்லாவற்றையும் சொல்லிவிடுவேன் என்று மிரட்டுகிறான் ஸ்கார்சி. அந்த நொடியே அவன் கதை முடிந்தது. தப்பிக்க ஒரு வழி திறக்கிறது, கால் வைத்ததும் குண்டு பாய்கிறது. குற்றவாளி செத்துவிட்டான், ஆனால் மெக்விக் முகத்தில் ஜெயித்த களை இல்லை. என்னைப் பொறுத்தவரை படத்தின் உச்சம் அந்த முகம்தான்.

[திரையில்: பழைய ஃபிலிம் சுருள்]

ஊழல் போலீஸையும் நகராட்சியையும் அப்பட்டமாகக் காட்டியதால் சிகாகோவில் தடை விதித்தார்கள். 1929-ல் நடந்த முதல் ஆஸ்கர் விழாவில் சிறந்த படத்துக்கான பரிந்துரையில் இருந்தது, பரிசு ‘விங்ஸ்’ படத்துக்குப் போனது. பிறகு படம் தொலைந்தே போனது என்றுதான் பல காலம் நினைத்தார்கள். ஹியூஸ் இறந்த பிறகு, அவர் சேர்த்து வைத்திருந்த சுருள்களுக்குள் ஒரு பிரதி இருந்தது. லாஸ் வேகஸில் உள்ள நெவாடா பல்கலைக்கழகத்தில் அதைச் சீரமைத்தார்கள். 2004-ல் அது மறுபடி டிவியில் ஓடியது.