கதையைச் சாட்சிக் கூண்டில் ஏற்றாதீர்கள்

(கோத்தகிரியில் நடந்த பட்டிமன்றத்தில் ‘நம்ப முடியாது’ அணியின் சார்பில் பேசியது)

நடுவர் அவர்களே, எதிரணிப் பெரியவர்களே, இந்தக் குளிரிலும் சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு எழுந்து போகாமல் உட்கார்ந்திருக்கும் எங்கள் ஊர் மக்களே, வணக்கம்.

‘உலகம் படைக்கப்பட்டதைப் பற்றிப் பழைய மறைகள் சொல்லும் கதைகளை வரலாறாக நம்பலாமா?’ என்பது தலைப்பு. நம்பலாம் என்று எதிரணித் தலைவர் அழகாகப் பேசினார். நம்ப முடியாது என்று சொல்ல நான் வந்திருக்கிறேன். பள்ளியில் வரலாறு நடத்துகிறவள் நான். வெள்ளிக்கிழமை தவறாமல் விளக்கேற்றுகிறவளும்கூட. இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், ‘அந்த அணி சாமியே இல்லை என்கிற அணி’ என்று ஐயா போகிற போக்கில் ஒரு வார்த்தை சொன்னார். சாமி உண்டா இல்லையா என்று இன்றைக்கு யாரும் கேட்கவில்லை. நடந்ததை நடந்தபடி சொல்வது வரலாறு. இந்தக் கதைகள் அந்த வேலையைச் செய்கின்றனவா என்பதுதான் கேள்வி.

ஐயா சொன்னதில் பலமான வாதம் எண் கணக்கு. பிரம்மாவின் ஒரு பகல், அதாவது ஒரு கல்பம், 432 கோடி ஆண்டு, விஞ்ஞானம் சொல்லும் பூமியின் வயது ஏறக்குறைய 454 கோடி ஆண்டு, இது போதாதா என்று கேட்டார். கைதட்டினீர்கள். எனக்கும் சிலிர்த்தது. ஆனால் 432 கோடி என்பது அந்தப் பகல் முழுவதற்குமான நீளம். அந்தப் பகல் இன்னும் முடியவில்லையே! கோயிலில் சங்கல்பம் செய்யும்போது அர்ச்சகர் சுவேத வராக கல்பம், வைவஸ்வத மன்வந்தரம், இருபத்தெட்டாவது கலியுகம் என்று அடுக்குகிறார். பிரம்மாவின் பகலில் இப்போது எத்தனை மணி என்று அவர் நமக்குச் சொல்கிறார். அந்தக் கணக்கைக் கூட்டிப் பார்த்தால் இதுவரை கழிந்தது ஏறத்தாழ 197 கோடி ஆண்டு.

சரி, இப்போது உங்கள் காலுக்குக் கீழே பாருங்கள். இந்த மலை சார்னோகைட் என்ற பாறையால் ஆனது. பாறைக்குள் சிர்கான் என்ற சின்னஞ்சிறு மணிகள் இருக்கின்றன. அவற்றில் உள்ள யுரேனியம் ஒரே சீரான வேகத்தில் ஈயமாக மாறிக்கொண்டிருக்கிறது. எவ்வளவு மாறியிருக்கிறது என்று அளந்து வயது சொல்கிறார்கள். நீலகிரிப் பாறைக்குக் கிடைக்கிற வயது சுமார் 250 கோடி ஆண்டு. ஐயாவின் கணக்கை வரலாறாக எடுத்துக்கொண்டால், கல்பம் விடிவதற்கு 50 கோடி ஆண்டு முன்பே இந்தப் பாறை இங்கே இருந்திருக்கிறது! பொருந்துகிற எண்ணை மேடைக்குக் கொண்டுவந்து, பொருந்தாத எண்ணை வீட்டிலேயே விட்டுவிட்டு வருவது நியாயமில்லை.

பைபிளில் வரும் தலைமுறைகளின் வயதையெல்லாம் கூட்டி, உலகம் கி.மு. 4004-இல் படைக்கப்பட்டது என்று 1650-இல் எழுதினார் அயர்லாந்துப் பேராயர் ஜேம்ஸ் அஷர். அவரும் கருத்தாகத்தான் கணக்குப் போட்டார். தப்பு அவருடைய கூட்டலில் இல்லை. அந்த ஏடுகளை ஆண்டுக் குறிப்பாகப் படித்ததில் இருக்கிறது.

அடுத்துப் பேசிய தமிழாசிரியர் ‘கல்தோன்றி மண்தோன்றாக் காலத்தே வாளோடு முன்தோன்றி மூத்த குடி’ என்று முழங்கினார். அந்த வரியை எனக்கும் உயிராகப் பிடிக்கும். அது புறப்பொருள் வெண்பாமாலையில், ஒரு மறக்குடியின் வீரத்தைப் பாராட்டுகிற இடத்தில் வருகிறது. மலைக்காரர்களுக்குத் தெரியும், கல் இற்றுத்தான் மண் ஆகிறது. சாலைக்கு மலையை வெட்டிய இடமெல்லாம் கீழே பாறை, மேலே செம்மண் என்று அப்படியே நிற்கிறதே. மண்ணே இல்லாத காலத்தில் விதைக்க நிலம் ஏது, வாள் செய்ய இரும்பை உருக்கியது யார்? பாடிய புலவருக்கு இது தெரியாதா? நன்றாகத் தெரியும். ஒரு குடியின் தொன்மைக்கு அளவே சொல்ல முடியாது என்பதை அப்படிச் சொன்னார். அதைப் புவியியல் ஆக்கினால் அவரை நாம் அறியாதவர் ஆக்கிவிடுகிறோம். என் வருத்தம் அதுதான்.

மூன்றாவதாகப் பேசிய அம்மா பைபிளின் முதல் நூலான ஆதியாகமத்தை மிகுந்த பக்தியோடு எடுத்து வைத்தார். நானும் பக்தியோடே பதில் சொல்கிறேன். முதல் அதிகாரத்தில் மூன்றாம் நாள் செடி கொடி மரம், நான்காம் நாள் சூரியன் சந்திரன், ஆறாம் நாள் ஆணும் பெண்ணும். இரண்டாம் அதிகாரத்தில் முதலில் மனிதன், பிறகு அவனுக்காகத் தோட்டம், பிறகு விலங்குகள், கடைசியில் பெண். பக்கத்துப் பக்கத்து ஏட்டில் இரண்டு வரிசை. தொகுத்தவர்கள் கவனக்குறைவானவர்களா? இரண்டையும் தெரிந்தேதான் அடுத்தடுத்து வைத்தார்கள் என்று நான் நம்புகிறேன். அது சம்பவப் பதிவாக இருந்திருந்தால் ஒன்றை அடித்துவிட்டு ஒன்றை வைத்திருப்பார்கள். சூரியனே இல்லாமல் முதல் நாளும் இரண்டாம் நாளும் மூன்றாம் நாளும் எப்படி வந்தன என்று மூன்றாம் நூற்றாண்டிலேயே கேட்டவர் ஒரிகன். அவர் நாத்திகர் இல்லை, திருச்சபையின் பெரிய அறிஞர். பிரபஞ்சம் ஒரு புள்ளியிலிருந்து விரிந்தது என்ற கருத்தை முன்வைத்த ஜார்ஜ் லமெத்ர் ஒரு கத்தோலிக்கப் பாதிரியார். 1951-இல் போப்பாண்டவர் அந்தக் கருத்தைப் படைப்புக்குச் சான்றுபோலப் பேசியபோது லமெத்ருக்கு அது உடன்பாடாக இல்லை. விசுவாசத்தையும் வானியலையும் அப்படிப் பிணைக்க வேண்டாம் என்பது அவர் நிலை. என் அணியில் அந்தப் பாதிரியாரும் உட்கார்ந்திருப்பதாக நினைத்துக்கொள்கிறேன்.

நம் பக்கத்து வேதம் என்ன சொல்கிறது? ரிக் வேதத்தின் பத்தாம் மண்டலத்தில் படைப்பைப் பற்றி ஒரு பாடல் இருக்கிறது. இல்லாததும் இல்லை, இருப்பதும் இல்லை என்று தொடங்கி, இது எங்கிருந்து வந்தது என்று யாருக்குத் தெரியும், தேவர்களே பிறகு வந்தவர்கள்தானே என்று கேட்கிறது. மேலே இருந்து பார்ப்பவனுக்குத் தெரிந்திருக்கலாம், ஒருவேளை அவனுக்கும் தெரியாமலிருக்கலாம் என்று முடிகிறது. சாட்சியே எனக்குத் தெரியாது என்று கைகூப்பிய பிறகு, உனக்குத் தெரியும், சொல் என்று கட்டாயப்படுத்த நாம் யார்?

இனி நம் மலைக்கே வருகிறேன். எதிரணித் தலைவர், இங்கே எருமை வளர்த்து வாழும் பழங்குடியான தொதவர் கதையை எடுத்தார். ஆணின் விலா எலும்பிலிருந்து பெண் படைக்கப்பட்டாள் என்று தொதவர்களும் சொல்கிறார்கள், வெளியுலகமே தெரியாத மலைமேல் அதே கதை எப்படி வந்தது, நடந்ததால்தானே என்றார். முழுக் கதையையும் கேளுங்கள். 1901, 1902-இல் இங்கே தங்கிய ரிவர்ஸ் என்ற ஆய்வாளர் எழுதி வைத்தது இது. ஓன் என்ற தெய்வம் தன் மனைவியோடு குந்தா பக்கத்துக்குப் போகிறது. நிலத்தின் குறுக்கே ஓர் இரும்புக் கம்பியைப் போடுகிறார்கள். ஒரு முனையில் நின்று ஓன் மண்ணுக்குள்ளிருந்து 1,600 எருமைகளை வரவழைக்கிறது. மறுமுனையில் மனைவி 1,800 எருமைகளை வரவழைக்கிறாள். ஓனின் கடைசி எருமையின் வாலைப் பிடித்துக்கொண்டு ஒரு மனிதன் மேலே வருகிறான். அவன்தான் முதல் தொதவன். அவனுடைய விலா எலும்பை எடுத்துப் பெண்ணைச் செய்கிறது ஓன்.

விலா எலும்பு வரலாறு என்றால் எருமை வாலும் வரலாறுதானே? ஐயா எலும்பை எடுத்துக்கொண்டார், எருமையை விட்டுவிட்டார். தொதவருக்கு அந்தக் கதையின் உயிரே எருமையில் இருக்கிறது. வெளியுலகம் தெரியாத மலை என்பதும் சரியில்லை. 1603-இலேயே ஃபெனிச்சியோ என்ற சேசு சபைப் பாதிரியார் மேற்குக் கரையிலிருந்து ஏறி வந்து தொதவரோடு பேசியிருக்கிறார். 1846-இல் பாசல் மிஷன் என்ற கிறிஸ்தவ அமைப்பு கேத்தியில் வேலையைத் தொடங்கிவிட்டது. ரிவர்ஸ் நோட்டுப் புத்தகத்தைத் திறக்கும்போது மலையில் வேதப் பிரசங்கம் கேட்டு அரை நூற்றாண்டுக்கு மேல் ஆகிவிட்டது. கதைக்கும் கால் உண்டு, நடந்து போகும். இரண்டு ஊரில் ஒரே கதை இருப்பதால் அது நடந்தது என்று ஆகிவிடாது.

தொதவர் எருமைகள் மேயும் புல்வெளியின் வரலாறு வேறு இடத்தில் எழுதப்பட்டிருக்கிறது. சாண்டிநல்லா பக்கத்துச் சதுப்பில் மக்கி மக்கி அடுக்காகப் படிந்த கறுப்பு மண்ணைத் தோண்டி ஆராய்ந்தார்கள். சுமார் 20,000 ஆண்டுக்கு முன், குளிரும் வறட்சியுமாக இருந்தபோது இங்கே புல் ஓங்கியிருந்தது. பிறகு மழை கூடி, சுமார் 10,000 ஆண்டுக்கு முன் மரங்கள் பரவின. யாரோ காட்டை வெட்டியதால்தான் புல் வந்தது என்றில்லை, புல்லும் இந்த மலையின் பூர்வகுடி. ஆனால் வெள்ளைக்காரர் காலத்துக் கோப்புகளில் அது வெறும் தரிசு. தரிசு என்று எழுதிவிட்டுச் சீகை என்கிற வாட்டில் மரத்தையும் கற்பூர மரம் என்கிற யூகலிப்டஸையும் நட்டார்கள். எத்தனை ஓடை வற்றியது என்று இங்கே உட்கார்ந்திருக்கும் பெரியவர்களைக் கேளுங்கள்.

தொதவர் கதை எந்த ஆண்டும் சொல்லவில்லை. உயிர் இந்தப் புல்லுக்கு அடியிலிருந்து வந்தது என்று சொன்னது. காலம் சதுப்பில் இருக்கிறது, மதிப்பு கதையில் இருக்கிறது. கதையிடம் போய்த் தேதி கேட்டால் அது திக்கும். திக்கியதைப் பார்த்துப் பொய் என்று ஒருவன் தூக்கி எறிவான். அப்படி எறிகிறவன் கையில் கல்லைக் கொடுப்பது எதிரணியின் வாதம்தான்.

பிரளயத்தைச் சொன்னார்கள். நோவா, மனுவைக் காப்பாற்றிய மீன், நம் கடல்கோள், எல்லா ஊரிலும் வெள்ளம் இருக்கிறதே என்றார்கள். 1872-இல் லண்டன் அருங்காட்சியகத்தில் ஜார்ஜ் ஸ்மித் என்பவர் ஒரு களிமண் பலகையைப் படித்தார். நினிவே நகரத்து நூலகத்திலிருந்து வந்த பலகை. அதில் கப்பல் இருந்தது, மலையில் தட்டி நின்றது, கரை தெரிகிறதா என்று பார்க்கப் பறவைகளைப் பறக்கவிட்டது வரைக்கும் இருந்தது. அப்படியே நோவா கதை, ஆனால் சொல்பவரும் தெய்வங்களும் வேறு. பின்னால் ஈராக்கில் தோண்டியபோது வெள்ள வண்டல் கிடைத்தது உண்மை. ஆனால் ஊருக்கு ஊர் அதன் காலம் வேறாக இருந்தது. ஒரே பிரளயத்துக்குச் சான்று கிடைக்கவில்லை, பல வெள்ளங்களுக்குக் கிடைத்தது.

2009 நவம்பரை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். கேத்தியில் ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் மழை. மலை மலையாகச் சரிந்தது, 40 பேருக்கு மேல் போய்விட்டார்கள். அன்று ராத்திரி எங்கள் லைன் வீட்டுக்குப் பின்னால் மண் இறங்கிய சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. பொழுது விடிந்ததும் பக்கத்து வீட்டு அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு, ‘உலகமே போயிடுச்சு’ என்றார். மேட்டுப்பாளையத்தில் அன்றைக்கும் கடை திறந்துதான் இருந்திருக்கும். அக்கா சொன்னது பொய்யா? அந்தச் சொல்லைப் பொய் என்று சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் என் மாணவர்களுக்கு ‘2009-இல் உலகம் அழிந்தது’ என்று நான் பாடம் நடத்தவும் முடியாது.

கடைசியாக ஒன்று. என் அப்பாயி இலங்கையில் அட்டன் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர். சாஸ்திரி – சிறிமாவோ ஒப்பந்தத்தில் 1974-இல் குடும்பத்தோடு இங்கே அனுப்பப்பட்டு, டான்டீ என்ற அரசுத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்தவர். எங்கள் வீட்டின் ஆதியாகமம் அவர் சொல்லும் கப்பல் கதைதான். ‘மூணு நாள், மூணு ராத்திரி கடல்லயே கெடந்தோம். கரையே தெரியல’ என்று தொடங்குவார். லயத்து வாசலில் விட்டுவந்த முருங்கை மரம் கப்பல் பின்னாலேயே வந்ததாகச் சொல்வார். அது எப்போது தண்ணீரில் முழுகியது என்று சொல்லும்போது குரல் உடையும்.

நான் கல்லூரியில் வரலாறு படிக்கப் போனேன். முதல் விடுமுறையில் வீட்டுக்கு வந்து, டிரங்குப் பெட்டியிலிருந்து அப்பாயியின் கடவுச்சீட்டை எடுத்தேன். தலைமன்னாரில் ஏறிய முத்திரையும் ராமேஸ்வரத்தில் இறங்கிய முத்திரையும் ஒரே தேதி. சில மணி நேரப் பயணம். ‘அப்பாயி, மூணு நாள் எல்லாம் இல்ல, பாருங்க’ என்று விளக்கடியில் கொண்டுபோய்க் காட்டினேன். அவருக்குப் படிக்கத் தெரியாது. இருந்தாலும் முத்திரையை விரலால் தடவிப் பார்த்தார். ‘அப்படியா தாயி’ என்றார், அவ்வளவுதான்.

நடுவர் அவர்களே, முத்திரை சரி. ஒரு வரலாற்று ஆசிரியராக இன்றைக்கும் அந்தத் தேதியைத்தான் நான் எழுதுவேன். ஆனால் கதையை இழுத்து வந்து முத்திரைக்குப் பக்கத்தில் நிறுத்தி, நீ சாட்சியா என்று கேட்டவள் நான். அதற்குப் பிறகு பதினோரு வருடம் இருந்தார் அப்பாயி. என் பிள்ளைகள் மடியில் உட்கார்ந்து கப்பல் கதை கேட்டபோதெல்லாம், ‘எனக்குச் சரியா நெனவில்ல கண்ணு, ஒங்க அம்மாவக் கேளு’ என்று சொல்லிவிட்டார். முருங்கை மரத்தைப் பற்றி அவர் வாயால் அவர்கள் கேட்கவே இல்லை.

என் அணிக்குத் தீர்ப்புக் கேட்டு அமர்கிறேன். நன்றி, வணக்கம்.