ஐந்தே ஆட்டம் ஆடிய வாத்தியார்

நேயர்களுக்கு வணக்கம். கால்பந்து பற்றிப் பேசக் கூப்பிட்டவர்கள் பீலே, மரடோனா என்று ஏதாவது எதிர்பார்த்திருப்பார்கள். நான் பேசப்போகிறவர் லீக்கில் ஆடியது ஐந்தே ஆட்டம், கோல் ஒன்றுகூட அடிக்கவில்லை. பெயர் டொனால்ட் பெல். 1890-ல் இங்கிலாந்தின் யார்க்‌ஷயரில், ஹாரகேட் என்ற ஊரில் பிறந்தவர். தொழில், பள்ளிக்கூட வாத்தியார்.

பெல்லைத் தெரிந்தவர்கள் அவரைப் போர்வீரராகத்தான் தெரிந்துவைத்திருக்கிறார்கள். பந்தாட்டத்தை ஒரே வரியில் தாண்டிவிடுவார்கள். எனக்கு அதில்தான் வருத்தம், அதனால் நான் அந்த ஒரு வரியில் இருந்துதான் ஆரம்பிக்கிறேன்.

லண்டனில் ஆசிரியர் பயிற்சி படித்தபோது கிரிஸ்டல் பேலஸ் கிளப்புக்கு ஆடினார், அப்புறம் வடக்கே நியூகாசிலுக்கு. இரண்டிலும் சம்பளம் வாங்காத அமெச்சூர். ஹாரகேட் பக்கத்தில் ஸ்டார்பெக்கில் பள்ளிக்கூட வேலை கிடைத்தது, ஆனால் சம்பளம் போதவில்லை. 1912-ல் பிராட்ஃபோர்ட் பார்க் அவென்யூ கிளப்பில் காசுக்கு ஆட ஒப்பந்தம் போட்டார். வாத்தியார்கள் சாயங்காலம் டியூஷன் எடுப்பது போல இவர் பந்து ஆடினார், அவ்வளவுதான். ஆனால் ஆட்டக்காரர்கள் பணத்தில் புரண்டார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். எவ்வளவு பெரிய நட்சத்திரமாக இருந்தாலும் வாரத்துக்கு நாலு பவுண்டுக்கு மேல் கொடுக்கக்கூடாது என்று 1901-லிருந்து உச்சவரம்பு, பல வருஷம் ஆடியவர்களுக்குப் பின்னால் அது ஐந்தானது. கூட்டம் ஆயிரக்கணக்கில் டிக்கெட் வாங்குகிறது, ஆடுகிறவனுக்கு மட்டும் வரம்பு! இதைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் எனக்கு நிறுத்தத் தெரியாது.

பெல் ஆடிய இடம் ஃபுல்பேக். அன்றைக்கு ஒரு அணியில் கடைசிக் காவலுக்கு இரண்டே பேர், அவர்களுக்குப் பின்னால் கோல்கீப்பர். எதிரே ஐந்து பேர் வரிசையாக ஓடிவருவார்கள். பந்து கெட்டித் தோல், வாய்ப்பகுதியில் லேஸ் கட்டியிருக்கும், யார்க்‌ஷயர் மழையில் நனைந்து கனத்துப்போன அதைத் தலையால் முட்டுவதை நீங்களே நினைத்துப் பாருங்கள். சட்டையில் எண் கிடையாது. காலில் அடிபட்டால் வெளியே போகவும் முடியாது, லீக்கில் மாற்று ஆட்டக்காரரை அனுமதித்ததே 1965-ல்தான். அடிபட்டவர் ஓரமாக நொண்டிக்கொண்டு நிற்பார். ஆஃப்சைடு விதியும், அதாவது எதிரணிக் காவலர்களைத் தாண்டி முன்னாலேயே போய் நின்று பந்து வாங்கக்கூடாது என்ற விதியும், அன்றைக்கு வேறு மாதிரி. படம் போட்டால்தான் விளங்கும், வானொலியில் வேண்டாம், விட்டுவிடுவோம். ஃபுல்பேக் நேரம் பார்த்து நாலு அடி முன்னால் வந்தால் எதிரணியின் ஓட்டம் மொத்தமும் வீண் என்று மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். உடம்பும் வேண்டும், கணக்கும் வேண்டும். பெல் ஆறடி ஆள், கனத்த உடம்பு, ஆனாலும் நல்ல ஓட்டக்காரர்.

பார்க் அவென்யூ அப்போது இரண்டாம் டிவிஷனில் இருந்தது. ரக்பி ஆடிக்கொண்டிருந்த கிளப், 1907-ல் கால்பந்துக்கு மாறியதில் உள்ளூரில் பெரிய சண்டையே நடந்தது. 1913-14 சீசனில் அது இரண்டாவதாக வந்து முதல் டிவிஷனுக்கு ஏறியது. மூன்றாவது வந்தது யார் தெரியுமா? இன்றைய ஆர்சனல், அன்றைக்கு வுல்விச் ஆர்சனல்! இரண்டு அணிக்கும் சமமான புள்ளி, கோல் சராசரியில்தான், அதாவது அடித்த கோலை வாங்கிய கோலால் வகுத்த கணக்கில்தான், பார்க் அவென்யூ முந்தியது. அந்த அணியில் நிலையான இடம் பிடிப்பது லேசில்லை என்பதற்காகச் சொல்கிறேன். ஐந்து ஆட்டம் என்றதும் சிரிக்கிறவர்கள் இதையும் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு விரல் காட்டுகிறார்கள், ஒரு நிமிடம்தானாம். சரி, வேகமாக.

1914 ஆகஸ்டில் போர் வந்தது. லீக் நிற்கவில்லை, ஆட்டக்காரர்கள் எல்லாம் ஒப்பந்தத்தில் கட்டுண்டவர்கள். பெல் கிளப்பிடம் கேட்டு விடுதலை வாங்கி, நவம்பரில் சாதாரணச் சிப்பாயாகச் சேர்ந்தார். அப்படிச் சேர்ந்த முதல் தொழில்முறை ஆட்டக்காரர் என்று அவரைத்தான் சொல்வார்கள். பிறகு அதிகாரியானார். 1916 ஜூனில் கல்யாணம். ஜூலை 5-ம் தேதி, பிரான்ஸில் சோம் போர்முனையில், தன் ஆட்களைச் சுட்டுத்தள்ளிய இயந்திரத் துப்பாக்கியை நோக்கி இரண்டு பேரோடு திறந்த வெளியில் ஓடிப்போய் அதை அழித்தார். அம்மாவுக்கு எழுதிய கடிதத்தில், அது வெறும் குருட்டு அதிர்ஷ்டம், நான் ஒரே ஒரு குண்டுதான் வீசினேன் என்று எழுதினார். ஐந்து நாள் கழித்து கோண்டால்மெசோனில் அதே மாதிரி ஒரு முயற்சியில் இறந்துபோனார். வீரத்துக்கு பிரிட்டன் தரும் மிக உயர்ந்த பதக்கமான விக்டோரியா கிராஸை மன்னரிடமிருந்து மனைவி ரோடா வாங்கிக்கொண்டார். 2010-ல் அதை ஏலத்தில் எடுத்தது ஆட்டக்காரர்களின் சங்கம், அந்தச் சம்பள வரம்பை எதிர்த்துப் போராடிய சங்கம்தான், அதைப் பற்றியும் ஒரு பக்கம் எழுதிவைத்திருந்தேன், நேரமில்லை. வணக்கம்.