கொழிஞ்சாம்பாறைக் கொல்லம்பட்டறையில் அடிக்கும் நேரமும் ஆறும் நேரமும்

வணக்கம் நண்பர்களே. பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறையில், கள் இறக்குவோருக்குப் பாளை அரிவாள் செய்யும் ஒரு கொல்லம்பட்டறைக்குள் நின்றுகொண்டு பேசுகிறேன், இரைச்சலைப் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இங்கே வேலையின் வேகத்தை நிர்ணயிப்பது ஆளல்ல, இரும்பின் சூடு. உலையிலிருந்து ஆரஞ்சு நிறத்தில் எடுத்த பழைய லாரிப் பட்டை (ஸ்பிரிங் தகடு), அடைகல்லில், அதாவது அடிதாங்கும் இரும்புக் கட்டையில், வைத்த கணத்திலிருந்தே கறுக்கத் தொடங்குகிறது; கறுத்த பிறகும் அடித்தால் விரிசல் விழும் என்பதால், ஆசாரி கைச்சுத்தியால் தட்டிக் காட்டும் இடத்தில் சம்மட்டி உடனே விழ வேண்டும். வெறும் அடைகல்லில் அவர் ஒரு தட்டு தட்டினால் நிறுத்த வேண்டும் என்று பொருள். வாய்ப்பேச்சுக்கு இங்கே வேலை இல்லை, இந்த இரைச்சலில் பேசினாலும் கேட்காது. தகடு மெலிய மெலியச் சூடு விரைவாக இறங்குவதால், தொடக்கத்தில் ஒரு சூட்டுக்கு நிறைய அடிகள் விழுந்த இடத்தில், முடிவில் சில அடிகளுக்குள்ளேயே இரும்பு உலைக்குத் திரும்பிவிடுகிறது.

துருத்தி இழுத்த காலத்தில், இரும்பு காயும் வரை சம்மட்டிக்காரருக்கு மூச்சு வாங்க நேரம் இருந்தது. இப்போது மின்சார ஊதுவிசிறி அந்த இடைவெளியைச் சுருக்கிவிட்டது. உற்பத்தி கூடியிருக்கலாம்; தோள்பட்டைக்கு அது நன்மை என்று நான் சொல்லமாட்டேன். கவனிக்காமல் விட்டால் எஃகு மத்தாப்பாகப் பொறி கக்கி எரிந்தும் போகும், எரிந்ததை மீட்க வழியில்லை.

துவைச்சல் கட்டத்தில், அதாவது சூடான இரும்பைத் தோய்த்துக் கடினமாக்கும்போது மட்டும் எல்லாரும் நிதானமாகிறார்கள். ஏறக்குறைய 770 டிகிரி செல்சியஸில் இரும்பில் காந்தம் ஒட்டுவது நின்றுவிடும். அதற்குச் சற்று மேலே போன சூட்டை நிறத்தைக் கொண்டே கணித்து, வெட்டும் விளிம்பான வாய்ப்பகுதியை மட்டும் எண்ணெயில் தோய்க்கிறார் ஆசாரி. பிறகு வாயைத் தேய்த்துப் பளபளப்பாக்கினால், முதுகில் தங்கிய சூடு மெல்ல வாய்க்கு நகர்ந்து, சுமார் 230 டிகிரியில் அங்கே வைக்கோல் மஞ்சள் படர்கிறது. அந்த நிறத்திலேயே மறுபடியும் தோய்த்தாக வேண்டும். நீலம் வரை விட்டால் வாய் மென்மையாகி, பாளை சீவுபவர் தினமும் கூடுதலாகத் தீட்ட நேரிடும்.

அடுத்த பட்டை உலைக்குள் போய்விட்டது. பொறி தெறிக்கும், கேமராவைத் தள்ளி வையுங்கள் என்கிறார் ஆசாரி.