பத்து சென்ட் டைப்ரைட்டர்

(எங்கள் ஊர்க் கிளை நூலக வாசகர் வட்டக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

அவைத் தலைவர் அவர்களே, ஆயிரம் வேலைக்கு நடுவே வந்து உட்கார்ந்திருக்கும் நகர்மன்றத் தலைவர் அம்மா அவர்களே, வார்டு உறுப்பினர்களே, ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் ஐயா அவர்களே, மைக் செட்டைக் காசு வாங்காமல் கொடுத்த தம்பி, காலையிலிருந்து நாற்காலி தூக்கிய நூலகர், எல்லோருக்கும் வணக்கம். யாரையாவது விட்டிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். போன முறை ஒருவரை விட்டுவிட்டு ஆறு மாதம் டீக்கடையில் தலைகுனிந்து திரிந்தேன். சால்வைக்கு நன்றி. அடுத்த தடவை அந்தக் காசுக்கு ஒரு புத்தகம் வாங்கி இங்கே வையுங்கள்.

அமெரிக்க எழுத்தாளர் ரே பிராட்பரியைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். மூன்று விஷயம் சொல்கிறேன். ஒன்று, அவர் எழுத வந்த கதை. இரண்டு, சினிமாவுக்குப் போய் ‘மோபி டிக்’ படத்துக்குத் திரைக்கதை எழுதியது. மூன்று, அவர் எழுதியது அறிவியல் புனைகதையா, மாயக் கதையா என்கிற பழைய வழக்கு.

1920இல் இல்லினாய் மாநிலத்தில் வாக்கீகன் என்ற ஊரில் பிறந்தவர். 1934இல் குடும்பம் பிழைப்புத் தேடி லாஸ் ஏஞ்சல்ஸ் வந்தது. 1938இல் பள்ளிப் படிப்பு முடிந்தது. கல்லூரிக்குக் கட்டப் பணமில்லை. தெருமுனையில் நின்று செய்தித்தாள் விற்றார். வாரத்தில் மூன்று நாள் பொது நூலகத்துக்குப் போனார். நூலகத்துக்கு இப்படிப் போனது ஒரு வருடமா, இரண்டு வருடமா? பத்து வருடம்! 1941இல்தான் ஒரு கதைக்குப் பணம் வந்தது. நண்பரோடு சேர்ந்து எழுதியது என்பதால் பாதிப் பங்கு, 13 டாலர் 75 சென்ட். அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும் என்று என் பாட்டி சொல்லும். இந்தப் பழமொழியை நான் எல்லாக் கூட்டத்திலும் சொல்கிறேன் என்று கிண்டல் செய்கிறார்கள். சொல்லத்தான் செய்வேன்.

இப்போது டைப்ரைட்டர் கதை. 1950 வாக்கில் நடந்தது. வீட்டில் கைக்குழந்தை. உட்கார்ந்து எழுத இடமில்லை, அறை வாடகைக்கு எடுக்க வசதியில்லை. கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சல்ஸ் வளாகத்தில் சுற்றிக்கொண்டிருந்தவருக்கு, நூலகத்தின் அடியிலிருந்து டக டகவென்று சத்தம் கேட்கிறது. இறங்கிப் பார்த்தால் நிலவறை முழுக்க டைப்ரைட்டர்கள்! பத்து சென்ட் நாணயம் போட்டால் அரை மணி நேரம் அடிக்கலாம். நேரம் முடிந்தால் மிஷின் நின்றுவிடும், மறுபடி காசு.

நம் ஊரில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டில் லோயர், ஹையர் பாஸ் பண்ணியவர்கள் இங்கே இருப்பீர்கள். பக்கத்து மிஷின் பெண் எவ்வளவு வேகமாக அடிக்கிறாள் என்று ஓரக்கண்ணால் பார்த்திருப்பீர்கள். இவர் பார்த்தது கடிகாரத்தை! பை நிறைய சில்லறையோடு வருவார், காசைப் போடுவார், வெறி பிடித்தது போல அடிப்பார். நடுவில் ஏதாவது தேவைப்பட்டால் மேலே அடுக்குகளுக்கு ஓடி, ஒரு புத்தகத்தை உருவி, ஒரு வரியைப் பார்த்துவிட்டுத் திரும்ப ஓடி வருவார். ஒன்பது நாள். மொத்தச் செலவு 9 டாலர் 80 சென்ட். கணக்குப் போட்டுப் பாருங்கள்: 98 நாணயம், 49 மணி நேரம். அங்கே எழுதிய நெடுங்கதை 1951இல் ஒரு பத்திரிகையில் வந்தது. அதையே விரித்து 1953இல் ‘ஃபாரன்ஹீட் 451’ என்று நாவலாக்கினார். புத்தகங்களைக் கொளுத்துவதையே வேலையாகக் கொண்ட தீயணைப்புக்காரர்களின் கதை. புத்தகத்தை எரிக்கிற கதைக்கு, நூலகமே கூரை கொடுத்திருக்கிறது பாருங்கள். அடிமேல் அடி என்று என் பாட்டி எந்த அடியைச் சொன்னாளோ, எனக்கு அது டைப் அடி.

சினிமா விஷயம்... சரி, அதை இன்னொரு கூட்டத்தில் பார்ப்போம். தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். மூன்றாவது வழக்குக்கு பிராட்பரியே தீர்ப்புச் சொல்லிவிட்டார்: ‘ஃபாரன்ஹீட் 451’ மட்டும்தான் அறிவியல் புனைகதை, தான் எழுதிய செவ்வாய்க் கிரகத்துக் கதைகள் எல்லாம் மாயக் கதை. நாசா அதைக் காதில் வாங்கவில்லை. அவர் 2012 ஜூனில் 91 வயதில் இறந்தார். அதே வருடம் ஆகஸ்டில், அவர் பிறந்த நாளன்று, கியூரியாசிட்டி ஊர்தி செவ்வாயில் இறங்கிய இடத்துக்கு அவர் பெயரை வைத்தார்கள். வாழ்நாள் முழுக்க கார் ஓட்டாத மனிதர்!

நான் வந்த காரியத்துக்கு வருகிறேன். 2009இல் கலிஃபோர்னியாவின் வென்ச்சுரா நகரில் ஒரு கிளை நூலகத்துக்குப் பணமில்லை, மூடப் போகிறோம் என்றார்கள். பக்கவாதம் வந்து தளர்ந்த உடம்போடு, 88 வயதில், இவர் போய் அதற்காகப் பேசினார். சரி, நூலகம் பிழைத்ததா? இல்லை. அந்த வருடமே மூடிவிட்டார்கள். பேச்சு மட்டும் போதாது என்பதற்குத்தான் சொல்கிறேன்.

நமக்கு 1948லேயே பொது நூலகச் சட்டம் வந்துவிட்டது. சுதந்திர இந்தியாவில் முதல் நூலகச் சட்டம் நம்முடையது. வீட்டுக்குப் போய்ச் சொத்து வரி ரசீதை எடுத்துப் பாருங்கள், நூலக வரி என்று ஒரு வரி தனியாக இருக்கும். நாம் கட்டுகிறோம். ஆனால் மழை வந்தால் இந்த நூலகத்தில் அறிவியல் அடுக்குக்குப் பக்கத்தில் நீல பிளாஸ்டிக் வாளி வைக்க வேண்டியிருக்கிறது. போன ஐப்பசியில் கலைக்களஞ்சியத்தின் இரண்டு தொகுதி ஊறி, வடாம் மாதிரி மொட்டைமாடியில் காய வைத்தோம். சாயங்காலம் வேலை முடித்து வரும் ஆட்களுக்கு ஷட்டர்தான் தெரிகிறது. எட்டரை மணி வரை திறக்க வேண்டும், கூரையை ஒழுகாமல் செய்ய வேண்டும். நான்கு மனு கொடுத்தாயிற்று. அம்மா அவர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது, ஐந்தாவது மனு இன்றைக்கு உங்கள் கையிலேயே வரும். அடிமேல் அடி!

வாசலில் கையெழுத்து நோட்டு இருக்கிறது. பேனாவை நூலில் கட்டி வைத்திருக்கிறோம். தயவுசெய்து அறுத்துக்கொண்டு போய்விடாதீர்கள். போன தடவை மூன்று போயிற்று. வணக்கம்.