கடலடித் தொல்லியலும் கப்பல் மீட்பும்: ஒரு தொழில் அறிமுகம்

(திரையில்: காலிமுகத்திடல், தொலைவில் நங்கூரமிட்ட கப்பல்கள்)

1917 பெப்ரவரியில், வொல்ஃப் என்னும் ஜேர்மனியக் கப்பல் கொழும்புக்கு அப்பால் இட்டுச் சென்ற கண்ணிவெடிகளில் மோதி, வூஸ்டர்ஷயர், பேர்சியஸ் ஆகிய இரண்டு பிரித்தானியக் கப்பல்கள் சில நாள் இடைவெளியில் மூழ்கின. நூறு ஆண்டுகளுக்கு மேல் நீருக்கடியில் கிடப்பதால், யுனெஸ்கோவின் 2001ஆம் ஆண்டுச் சமவாயத்தின் வரைவிலக்கணப்படி அவை இன்று பண்பாட்டு மரபுரிமை. 2021 ஜூனில் இதே கடலில் மூழ்கிய எக்ஸ்பிரஸ் பேர்ள் என்ற கொள்கலன் கப்பலோ, அகற்றப்பட வேண்டிய சிதைவாக இருந்தது. முன்னதற்குத் தேவை தொல்லியலாளர். பின்னதற்குத் தேவை மீட்பு நிறுவனம்.

மீட்புத் தொழிலில் காப்பாற்றிய பொருளின் பெறுமதியைப் பொறுத்தே ஊதியம். முயற்சி தோற்றால் பெரும்பாலும் ஒன்றும் கிடைக்காது. தொல்லியலாளருக்கோ பொருளைக் காட்டிலும் அது கிடந்த இடமும், அருகில் என்ன கிடந்தது என்பதும் முக்கியம். ஆகவேதான் அந்தச் சமவாயம், சிதைவை இருந்த இடத்திலேயே பேணுவதை முதல் தெரிவாகக் கொள்கிறது. வணிக நோக்கில் தோண்டி விற்பதை ஏற்பதில்லை. 1961இல் தெற்கே கிரேட் பாசஸ் பாறைத்தொடரில் அகப்பட்ட ஔரங்கசீப் காலத்து வெள்ளி ரூபாய்கள் 1702ஆம் ஆண்டைச் சொல்லின. கப்பலின் பெயரைச் சொல்லவில்லை.

(திரையில்: காலித் துறைமுகத்தின் வரைபடம்)

இலங்கையில் இத்துறையின் பள்ளிக்கூடம் காலித் துறைமுகமே. ஒல்லாந்த கிழக்கிந்தியக் கம்பனியின் அவொன்ட்ஸ்டர் என்ற கப்பல், இந்தியாவுக்குப் பாக்கு ஏற்றிக்கொண்டிருந்தபோது நங்கூரம் நழுவி, 1659 ஜூலை 2இல் அங்கே மூழ்கியது. 2001 முதல் நடைபெற்ற அகழ்வில், சுழியோடிகள் மணலை உறிஞ்சு குழாயால் மெல்ல அகற்றி, வெளிப்பட்ட ஒவ்வொரு பலகையையும் அளந்து, வரைந்து, படமெடுத்த பின்னரே அடுத்ததைத் தொட்டார்கள். மேலே கொண்டுவந்த பொருளை உலர விடுவதும் ஆபத்து: நீர் ஊறிய மரம் சுருங்கி வெடிக்கும், இரும்பில் தங்கிய உப்பு அதனை உள்ளிருந்தே தின்றுவிடும். எனவே உப்பை நீக்கும் வேலை மாதக்கணக்கில், சில வேளை ஆண்டுக்கணக்கில் நீளும். 2004 டிசம்பரில் ஆழிப்பேரலை காலியின் ஆய்வுகூடத்தை அழித்து, பல பொருட்களை அள்ளிச் சென்றது. பொருள் போனால் எஞ்சுவது பதிவு மட்டுமே; அது இந்தத் தொழிலில் வெறும் எழுத்தர் வேலையன்று என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை.

ஆழமும் வேலைநேரத்தைச் சுருக்கும். தென்கரையிலுள்ள கொடவாயவில், ஏறத்தாழ 2,000 ஆண்டுப் பழமையான கப்பற்சிதைவு சுமார் 33 மீற்றர் ஆழத்தில் கிடக்கிறது. அங்கே அமுக்கம் மேற்பரப்பைப்போல நான்கு மடங்குக்கும் மேல். சாதாரண காற்றைச் சுவாசிக்கும் சுழியோடி, உடலில் கரைந்த வாயு மெல்ல வெளியேறுவதற்காக இடையில் தரிக்காமல் மேலேறுவதாயின், அடியில் கால் மணி நேரமளவே நிற்கலாம்.

நுழைய விரும்பும் கொழும்பு மாணவர், களனிப் பல்கலைக்கழகத்திலோ யாழ்ப்பாணத்திலோ தொல்லியலைக் கற்று, கொழும்பிலுள்ள தொல்லியல் பட்டப்பின் படிப்பு நிறுவகத்தில் தொடரலாம். சுழியோடும் சான்றிதழை அதற்கிடையே பெறலாம். மத்திய கலாசார நிதியத்தின் கடல்சார் தொல்லியல் பிரிவே இங்குள்ள முதன்மைக் களம். அங்கு இடங்கள் மிகக் குறைவு. வருமானமே நோக்கமெனில், கடலடியில் உலோகம் வெட்டவும் ஒட்டவும் கற்பிக்கும் தொழில்முறைச் சுழியோடிப் பயிற்சியைத் தேர்ந்தெடுப்பது நேர்மையான முடிவு.